நிலைய வித்வான்

கொள்ளிடத்தின் வடகரையில், ஐயன் வாய்க்காலின் நீர் பாயும் நன்செய்களின் நடுவே அமைந்து, பண்டு திருத்தவத்துறை என்ற பெயரால் வழங்கிய லால்குடிக்குச் சங்கீத உலகில் வாய்த்திருக்கும் பிரசித்தி, அவ்வூரின் பரப்பையும் ஜனத்தொகையையும் நோக்கச் சற்று மிகையென்றே வெளியூரார் கருதக்கூடும். தம் சிஷ்யரான ராமய்யரின் அழைப்பை ஏற்று வந்த தியாகராஜ சுவாமிகள், இவ்வூர் சப்தரிஷீசுவரர் மீதும் பிரவிருத்த ஸ்ரீமதி மீதும் ஐந்து கிருதிகளை இயற்றிச் சென்றார். அந்த ராமய்யரின் வம்சத்தில் வந்த வி. ஆர். கோபாலய்யர் கண்டிப்புக்குப் பேர்போன குருவாகத் தம் மக்களுக்கு வயலினையும் வீணையையும் போதித்தார். அவருடைய குமாரர் ஜயராமன், 1930-ல் பிறந்து, பன்னிரண்டாம் வயதில் பக்கவாத்தியத்துக்கு உட்கார்ந்து, பிற்காலத்தில் ஊரின் பெயரையே தம் பெயராக்கிக்கொண்டார். கூப்பிடு தூரத்துப் பூவாளூரில் பிறந்தவர் திருச்சி சங்கரன். மிருதங்கத்தை எடுத்துக்கொண்டு கனடா வரை போய் அங்கே சர்வகலாசாலையில் ஆசிரியராக அமர்ந்தவர். இவர்களைப் பற்றி எழுதியவர்கள் அநேகர், எழுதப்போகிறவர்களும் அநேகர்.

நான் இங்கே எழுத முற்பட்டது வேறொரு வகுப்பாரைப் பற்றி. சென்ற தலைமுறையில் லால்குடியைச் சுற்றியுள்ள கிராமங்களில் கோயில் உற்சவத்துக்கோ கல்யாணத்துக்கோ அச்சடித்த நோட்டீசுகளைப் பார்த்தவர்களுக்கு, வாய்ப்பாட்டுக்காரர் பெயருக்கும் நாயனக்காரர் பெயருக்கும் முன்னால், சில வேளைகளில் பொய்க்கால் குதிரைக்காரர் பெயருக்கு முன்னாலும்கூட, ‘திருச்சி வானொலி புகழ்’ என்ற மூன்று சொற்கள் தடித்த எழுத்தில் நின்றது நினைவிருக்கும். மூன்று மாதத்துக்கு ஒரு முறை அரை மணி நேரம் ஒலிபெருக்கியில் தம் குரல் கேட்கப்பெற்ற ஒருவர் அந்த விருதைப் பெயரோடு சேர்த்துக்கொள்வதை யாரும் தப்பாக நினைத்ததில்லை. ஆனால் அதே நிலையத்தில் மாதச் சம்பளம் போன்றதொரு தொகைக்கு அமர்ந்து, காலையும் மாலையும் தவறாமல் வாசித்து, திருச்சி ஜில்லா, தஞ்சை ஜில்லா, மதுரை ஜில்லா எங்கணும் அனுதினமும் கேட்கப்பட்டவரின் பெயரை எந்த நோட்டீசும் தாங்கியதில்லை. அவருக்கு அறிவிப்பாளர் வைத்த பெயர் ‘நிலைய வித்வான்’. அடிக்கடி கேட்கப்பட்டவன் புகழ் பெறாததும், அபூர்வமாகக் கேட்கப்பட்டவன் புகழ் பெற்றதுமான இந்த வினோதம் வானொலியின் ஆரம்ப நாட்களில் நேர்ந்தது; டெலிவிஷன் வந்தபின்னும் அது அப்படியே தொடர்ந்தது.

திருச்சி நிலையம் பிறந்த கதையைச் சுருங்கச் சொல்லிவிடுகிறேன். சென்னையில் 1924-ல் சில ஆர்வலர்கள் கூடி ரேடியோ கிளப் ஒன்று நிறுவி ஒலிபரப்பினார்கள். மூன்று வருஷங்களில் பணமுடையால் அது நின்றது. 1930-ல் சென்னை நகரசபை அந்தக் கருவிகளை வைத்துக்கொண்டு மாலை வேளைகளில் சங்கீதம் பரப்பிற்று. 1936-ல் சர்க்காரின் ஒலிபரப்பு இலாகாவுக்கு ‘ஆல் இந்தியா ரேடியோ’ என்ற நாமகரணம் ஆயிற்று. சென்னையில் அதன் நிலையம் 1938 ஜூனில் தோன்ற, அடுத்த வருஷம் 1939 மே மாதம் 16-ந் தேதி திருச்சியில் ஐந்து கிலோவாட் சக்தியுள்ள மத்திய அலைவரிசையோடு மற்றொன்று தொடங்கப்பட்டது. தேசம் சுதந்திரம் பெற்று இரண்டாகப் பிரிந்தபோது இந்தியாவின் பங்குக்கு எஞ்சியவை ஆறே நிலையங்கள்: டில்லி, பம்பாய், கல்கத்தா, சென்னை, லக்னோ, திருச்சிராப்பள்ளி. ராஜதானி நகரங்களோடும் நவாபுகளின் பட்டணத்தோடும் ஒரு ஜில்லாத் தலைநகர் சரியாசனம் பெற்றது அன்று பலருக்கு வியப்பாக இருந்திருக்க வேண்டும். காவேரிக் கரையின் சங்கீதச் செழிப்பை அறிந்தவர்களுக்கு அது வியப்பாக இராது.

ஏனெனில், வானொலி வருவதற்கு முன்பே திருச்சி கலைஞர்களின் சந்தையாக இருந்தது. தென்னிந்திய ரயில்வேயில் அதிகாரியாக இருந்த எப். ஜி. நடேசய்யர் 1914-ல் அங்கே ரசிக ரஞ்சன சபையை ஸ்தாபித்து, சங்கீதத்தோடு நாடகத்தையும் வளர்த்தார். பொற்கொல்லர் குடும்பத்துச் சிறுவன் ஒருவனை அவர் ‘அரிச்சந்திரா’ நாடகத்தில் லோகிதாசனாக மேடையேற்றியதால் தமிழ்நாட்டுக்கு எம். கே. தியாகராஜ பாகவதர் கிடைத்தார். ஆலத்தூர் வெங்கடேசய்யர் தம் குமாரருக்கும் சிஷ்யருக்கும் சொல்லிக்கொடுத்து, ஆலத்தூர் சகோதரர்கள் என்ற இரட்டையரை உருவாக்கினார். ஸ்பெஷல் நாடகக்காரர்கள் திருச்சி, புதுக்கோட்டை, மதுரை என்று சுற்றி வருவார்கள். அவர்களுடைய இரவு பபூனின் பாட்டோடும் பரிகாசத்தோடும் தொடங்கும், நடனக்காரி வருவாள், பிறகுதான் வள்ளியும் முருகனும். ஒரு மேடையில் ஒரே இரவில் பாட்டு, ஆட்டம், ஹாஸ்யம், புராணம், வாக்குவாதம் எல்லாவற்றையும் கலந்து கொடுக்கும் இந்தக் கதம்ப மரபு, அமெரிக்காவில் எட் சல்லிவன் 1948-ல் டெலிவிஷனில் தொடங்கி 1971 வரை நடத்திய நிகழ்ச்சிக்கு நம் பக்கத்துத் தாயாதி என்று சொல்லலாம். இந்தக் கலைஞர்கள் அனைவரும் புதிதாகத் திறந்த வானொலியின் வாசலைப் பார்த்தார்கள். சிலருக்கு அது திறந்தது.

லால்குடியிலிருந்து போகிறவருக்கு அது ஒரு பாசஞ்சர் ரயில் பிரயாணம். வாளாடி, பிச்சாண்டார்கோவில், கொள்ளிடத்துப் பாலம், ஸ்ரீரங்கம், காவேரிப் பாலம், திருச்சி டவுன். வயலின் பெட்டியை மடியில் வைத்துக்கொள்ளலாம். மிருதங்கத்தைப் பலகையின் கீழே தள்ளலாம். தம்புராவோடு வருகிறவர்தான் கூட்டத்தில் அவஸ்தைப்பட வேண்டும். இப்படிப் போய்ச் சேர்ந்தவரை வானொலியில் கேட்க நேயர்கள் கட்டவேண்டிய லைசென்சுக் கட்டணம் வருஷத்துக்குப் பத்து ரூபாய். அந்நாளில் அது பெரிய தொகை. சுதந்திரம் வந்த சமயத்தில் தேசம் முழுமைக்கும் மூன்று லட்சத்துக்கும் குறைவான ரேடியோப் பெட்டிகளே லைசென்சு பெற்றிருந்தன. ஆகவே கேட்டவர்களில் பெரும்பாலோர் பிறத்தியார் பெட்டியைக் கேட்டவர்களே: காப்பி ஹோட்டலின் பலகையில் இருந்ததை, மிராசுதார் வீட்டுத் திண்ணையில் இருந்ததை, நகரசபைப் பூங்காவில் கூம்பு வைத்துக் கட்டியதை. பொதுவிடத்தில் நின்றபடி கேட்கும் சங்கீதம் சபையில் உட்கார்ந்து கேட்கும் சங்கீதத்தைப் போன்றதன்று. பாதியில் வருவார்கள், பாதியில் போவார்கள், யார் வாசிக்கிறார் என்று விசாரிக்கமாட்டார்கள்.

இனி நிலையத்தின் உள்ளே நடந்ததைக் கவனிப்போம். ஒலியைப் பதித்துவைக்கும் டேப் பரவலாவதற்கு ஐம்பதுகளின் நடுப்பகுதி ஆயிற்று. அதற்கு முன் கிராமபோன் தட்டில் அடங்கியது போக மற்றவை யாவும் நேரே, அந்த க்ஷணத்திலேயே, பாடியும் பேசியும் வாசித்தும் தீர வேண்டியவை. கெட்டியான கதவு சாத்தப்பட்டதும் சிவப்பு விளக்கு எரியும். அதன் பிறகு தொண்டையைச் செருமக் கூடாது, தாளை மடக்கக் கூடாது, சுருதி சேர்க்கக் கூடாது. விவசாய அதிகாரி ஒருவர் பத்து நிமிஷம் பேசுவதாக எழுதிக்கொண்டு வந்து, பயத்தில் ஏழே நிமிஷத்தில் வாசித்து முடித்துவிடுவார். மூன்று நிமிஷம் வெற்றிடம். ஆகாயத்தில் மௌனம் நின்றால் பெட்டி கெட்டுவிட்டதென்று நேயர்கள் அதன் தலையில் தட்டுவார்கள் அல்லவா? கண்ணாடிக்கு அப்பாலிருந்து டியூட்டி அதிகாரி கையைக் காட்டுவார். பக்கத்து ஸ்டூடியோவில் தயாராக இருக்கும் நிலைய வித்வான் வில்லை எடுத்து, அந்த மூன்று நிமிஷத்துக்குப் பொருந்தும் ஒரு கிருதியை, அனுபல்லவியை விடாமல், சரணத்தைச் சுருக்கி, கடிகாரத்தின் செகண்டு முள்ளைப் பார்த்துக்கொண்டே முடித்துவைப்பார். அறிவிப்பாளர், “இதுவரை வயலின் இசை கேட்டீர்கள்” என்பார். வாசித்தவர் யாரென்று சொல்வதற்கு முன் அடுத்த நிகழ்ச்சி வந்துவிடும்.

இதை அற்ப காரியமென்று நினைப்பவர்கள் கச்சேரி சம்பிரதாயத்தை அறியாதவர்கள். அக்காலத்துக் கச்சேரி நான்கு மணி நேரம், ஐந்து மணி நேரம் நீளும். வர்ணத்தில் குரலைப் பதப்படுத்திக்கொண்டு, மெல்ல மெல்ல மனோதர்மம் சூடேறி, பல்லவிக்கு வரும்போது இரவு பத்து மணியைத் தாண்டிவிடும். ஆலத்தூர் சகோதரர்களின் பல்லவியைக் கேட்டவர்களுக்கு அதன் லயக் கணக்குகள் அவிழ்வதற்கே எவ்வளவு அவகாசம் வேண்டும் என்று தெரியும். கிராமபோன் தட்டு மூன்று நிமிஷ சங்கீதத்தை ஏற்கெனவே பழக்கியிருந்தது உண்மையே. ஆயினும் தட்டுக்காக ஒருவர் சில பாட்டுகளைத் தேர்ந்து ஒத்திகை பார்த்துப் பாடிவிட்டுப் போய்விடலாம். நிலைய வித்வானோ எந்த வேளையில், எந்த ராகத்தை, எத்தனை நிமிஷத்துக்கு என்பதை முன்னதாக அறியாமல், ஒவ்வொரு நாளும் அந்தச் சுருக்கத்தைச் செய்ய வேண்டும். காலை ஒலிபரப்பில் பக்திப் பாடலுக்குத் துணை. மத்தியானம் பெண்களுக்கான நிகழ்ச்சியில் பாட்டுப் பாடும் பெண்ணுக்கு மெல்லிசைத் துணை. மாலையில் சிறுவர் நிகழ்ச்சி. இரவு நாடகத்தில் அரசன் இறந்தால் முகாரி, புயல் அடித்தால் வேகமான ஸ்வரக் கோர்வை. வெளியூரிலிருந்து பெரிய வித்வான் வந்தால், அவருடைய சொந்தப் பக்கவாத்தியக்காரர் ரயிலைத் தவறவிட்டால், அங்கேயும் இவர்தான். பல்சுவை என்று பிற்காலத்தில் பத்திரிகைகள் பெயர் சூட்டிய அத்தனையும் இவருடைய ஒரு வில்லின் வழியே கடந்து சென்றது. இவ்வளவு விதங்களில் வாசிக்கத் தெரிந்தவரை மேடை வித்வானுக்குக் குறைந்தவராக மதிக்கும் வழக்கத்தை நான் ஒருநாளும் ஏற்றதில்லை.

வயலின்காரரையேனும் ‘வயலின்’ என்றாவது குறிப்பிட்டார்கள். தம்புரா மீட்டுவதற்கென்றே நிலையத்தில் ஆள் இருந்தார் என்பதை எத்தனை நேயர்கள் எண்ணிப்பார்த்திருப்பார்கள்? பாடகருக்குப் பின்னால் அமர்ந்து, பஞ்சமம், சாரணை, அனுசாரணை, மந்தரம் என்று நான்கு தந்திகளையும் ஒரே சீராக, ஏற்றத்தாழ்வின்றி மீட்டிக்கொண்டிருப்பதே அவருடைய தொழில். கொஞ்சம் வேகம் கூடினால் பாடகர் திரும்பிப் பார்ப்பார். கொஞ்சம் அயர்ந்தால் மைக் காட்டிக்கொடுத்துவிடும். குளிர் காலத்தில் காலை ஒலிபரப்புக்கு முன்னரே வந்து, ஜீவா நூலையும் மணிகளையும் நகர்த்திச் சுருதி கூட்டி வைத்திருக்க வேண்டியவரும் அவரே. இவருக்கு ராக ஞானம் நிரம்ப இருக்கும். வாய்ப்பாட்டுச் சிட்சை பல வருஷம் ஆகியிருக்கும். ஆனால் அவருடைய உத்தியோகம் அந்த ஞானத்தை வெளிக்காட்டாமல் இருப்பதில்தான் அடங்கியிருந்தது.

நிலையத்துக்குள் நுழையவே முடியாமல் போனவர்களும் உண்டு. ஆர்மோனியக்காரர்களைச் சொல்கிறேன். ஒலிபரப்பு இலாகாவின் தலைவராக இருந்த லயனல் பீல்டன் காலத்தில், 1940 மார்ச் முதல் தேதியிலிருந்து, ஆல் இந்தியா ரேடியோவின் எந்த நிலையத்திலும் ஆர்மோனியம் வாசிக்கப்படலாகாது என்று கட்டளை பிறந்தது. அந்தக் கட்டை வாத்தியத்தில் கமகம் பிறக்காது, அதன் ஸ்வரங்கள் மேல்நாட்டார் சமன்படுத்திக்கொண்டவை, நம் சுருதிகளை அது கெடுக்கிறது என்பன காரணங்கள். ரவீந்திரநாத தாகூரும் அந்த வாத்தியத்தை வெறுத்தவரே. சாஸ்திர ரீதியாக இவற்றுக்குப் பதில் சொல்வது கடினம். ஆனால் திருச்சி வட்டாரத்தில் அதன் பலன் வேறு விதமாக இருந்தது. ஸ்பெஷல் நாடக மேடையில் ராஜபார்ட்டுக்கும் பின்பாட்டுக்கும் நடுவே இரவு முழுவதும் உட்கார்ந்து, எந்த நடிகர் எந்தச் சுருதியில் எடுத்தாலும் கட்டையை மாற்றிப் பிடித்து, மறந்த அடியை எடுத்துக் கொடுத்து, நாடகத்தையே தோளில் சுமந்தவர் ஆர்மோனியக்காரர்தான். பபூனுக்கு உள்ளே இடம் கிடைத்தாலும், அவனுக்குப் பதில் சொல்லும் ஆர்மோனியத்துக்குக் கிடைக்கவில்லை. தடை 1971 வரை நீடித்தது. அதற்குள் ஒரு தலைமுறைக் கைகள் ஓய்ந்துவிட்டன. சுத்த சங்கீதத்தின் பெயரால் செய்த இக்காரியத்தில் சுத்தம் எவ்வளவு, அலட்சியம் எவ்வளவு என்று எனக்கு எப்போதும் ஐயம் உண்டு.

அந்நியக் கருவி என்பது மட்டுமே குற்றமாக இருந்திருந்தால் கிளாரினெட்டுக்கும் அதே கதி நேர்ந்திருக்க வேண்டும். நேரவில்லை. சதிராட்டத்தின் சின்னமேளத்தில் முகவீணை இருந்த இடத்தில் வந்தமர்ந்து, கல்யாண ஊர்வலத்தின் பாண்டு வாத்தியத்தோடு தெருவில் நடந்து, கச்சேரி மேடையின் ஓரத்தில் நெடுங்காலம் சந்தேகத்தோடு பார்க்கப்பட்ட அந்த மேல்நாட்டுக் குழலை, திருச்சியைச் சேர்ந்த ஏ. கே. சி. நடராஜன் முழுக் கர்நாடக வாத்தியமாக்கிக் காட்டினார். 1931-ல் பிறந்த அவர், கிளாரினெட் வாசித்த தகப்பனாரின் வீட்டில் வளர்ந்து, ஆலத்தூர் வெங்கடேசய்யரிடம் வாய்ப்பாட்டும், இலுப்பூர் நடேச பிள்ளையிடம் நாகஸ்வரமும் பயின்று, அந்த இரண்டையும் மூன்றாவதான குழலுக்குள் புகுத்தினார். வாலிபத்தில் அவரும் வானொலியில் பணியாற்றியவரே. பிறகு அதை விட்டு வெளியே வந்து மேடையை நம்பினார், டி. என். ராஜரத்தினம் பிள்ளை அவரை ‘கிளாரினெட் எவரெஸ்ட்’ என்று கொண்டாடினார். 2008-ல் மியூசிக் அகாடமியின் சங்கீத கலாநிதியும் 2022-ல் பத்மஸ்ரீயும் வந்தன. வெளியே வந்தவருக்குப் பெயர் வந்தது என்பதைக் கவனிக்க வேண்டும். நிலைய ஒப்பந்தத்தில் இருந்தவர் வெளிக் கச்சேரிக்குப் போக அனுமதி கேட்க வேண்டியிருந்தது. உற்சவ சீசனில் லீவு கேட்டால், அதே நாளில் நிலையத்திலும் விசேஷ ஒலிபரப்பு இருக்கும்.

எழுத்தாளருக்கும் இந்த நியாயம் பொருந்தியது. ஸ்ரீரங்கத்து இளைஞர் டி. எஸ். ரங்கராஜன் திருச்சி வானொலிக்கு நாடகமும் பாட்டும் எழுதிக்கொண்டிருந்த காலத்தில் அவரை அறிந்தவர்கள் அவ்வூர் வீதிகளோடு சரி. சென்னைக்குப் போய்ச் சினிமாவில் நுழைந்த பிறகுதான் வாலி என்ற பெயர் பட்டிதொட்டிகளுக்கு எட்டிற்று. வானொலி வித்தையைப் பழக்கியது. பெயரைக் கொடுப்பதில் மட்டும் கை இறுக்கமாக இருந்தது.

இதே காலத்தில் கடல் கடந்த தேசத்தில் நடந்த ஒரு விநோதத்தை இங்கே சொல்லாமல் மேலே செல்ல மனம் வரவில்லை. லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் கே.டி.எல்.ஏ. என்ற டெலிவிஷன் நிலையத்தில் 1949-ல் கோர்லா பண்டிட் என்ற ஓர் ஆர்கன் வாத்தியக்காரர் தோன்றினார். தலையில் முண்டாசு, அதன் நடுவில் ஒரு ரத்தினம், இமைக்காத பெரிய விழிகள். நிகழ்ச்சியில் அவர் ஒரு வார்த்தையும் பேசுவதில்லை; காமிராவைப் பார்த்தபடியே வாசிப்பார். டில்லியில் பிராமணத் தந்தைக்குப் பிறந்தவர் என்று ஜனங்கள் நம்பினார்கள். மத்தியான வேளையில் வீட்டுப் பெண்கள் மயங்கிக் கிடந்தார்கள். வாஸ்தவத்தில் அவர் மிசூரி ராஜ்யத்தில் 1921-ல் பிறந்த ஜான் ரோலண்ட் ரெட் என்ற நீக்ரோ இனத்தவர்; பாதிரியாரின் பிள்ளை. கறுப்பரென்று தெரிந்தால் அக்கால டெலிவிஷனில் தமக்கென்று ஒரு நிகழ்ச்சி கிடைக்காதென்பதால் முதலில் மெக்சிகோக்காரராகவும் பின்னர் இந்தியராகவும் வேஷம் பூண்டார். 1998-ல் இறந்து சில வருஷங்கள் கழிந்த பின்னரே உண்மை பத்திரிகையில் வெளியாயிற்று. அமெரிக்காவில் ஓர் இந்திய வித்வானின் முகமும் பெயரும் பொய்யாக நின்று பிரசித்தி பெற்ற அதே நாட்களில், திருச்சியில் மெய்யான வித்வான்கள் முகமும் பெயரும் இன்றி வாசித்துக்கொண்டிருந்தார்கள். இரண்டு இடங்களிலும் கலைஞனின் வாய் மட்டும் கட்டப்பட்டிருந்தது.

ஐம்பதுகளில் பி. வி. கேஸ்கர் ஒலிபரப்பு மந்திரியானபோது சங்கீதக்காரர்களுக்குக் குரல் தேர்வு என்ற பரீட்சை வந்தது. பெயர் தெரியாதபடி வாசிக்கச் செய்து, கேட்டு, ‘ஏ’, ‘பி ஹை’, ‘பி’ என்று வகுத்தார்கள். தலை நரைத்த வித்வான்களைப் பள்ளிக்கூடப் பிள்ளைகளைப்போல் பரீட்சிப்பதா என்று பல ஊர்களில் கூக்குரல் எழுந்தது. எழுந்தும் வகுப்புகள் நிலைத்துவிட்டன. காலக்கிரமத்தில் அந்த எழுத்தே சங்கீத உலகின் கோத்திரம்போல் ஆகி, பெண் பார்க்கப் போகிற இடத்தில்கூடப் பையன் ‘ஏ கிரேடு’ என்று சொல்லும் நிலை வந்தது. அதே கேஸ்கர் சினிமாப் பாட்டைச் சுருக்கியதால் ஜனங்கள் முள்ளைத் திருப்பி இலங்கை வானொலியைப் பிடித்தார்கள். அந்த ஜனங்களை மீட்கவே 1957 அக்டோபரில் விவித பாரதி பிறந்தது. கதம்பத்துக்கே ஓர் அலைவரிசை கிடைத்ததென்றாலும், அதில் சுழன்றவை பெரும்பாலும் இசைத்தட்டுகள். நேரில் வாசிப்பவருக்கு அங்கே வேலை சொற்பம்.

ஆனால் திருச்சி நிலையத்துக்கு உள்ளூர் ஜனங்களிடம் இருந்த செல்வாக்கு சங்கீதத்தால் மட்டும் வந்ததன்று. அறுபதுகளின் நடுவில் ஆடுதுறை 27 என்ற குறுகிய காலப் பயிர் வந்தபோது, அதன் நாற்று, உரம், நடவு இடைவெளி எல்லாவற்றையும் திருச்சி வானொலி மாலைதோறும் விவசாயிகளுக்கு எடுத்துச் சொல்லிற்று. தஞ்சாவூர்க் குடியானவர்கள் ஆராய்ச்சிக்காரர் வைத்த எண்ணை விட்டுவிட்டு அதை ‘ரேடியோ நெல்’ என்றே அழைத்தார்கள். ஐயன் வாய்க்கால், பெருவளை வாய்க்கால் பாசனத்தில் இருந்த லால்குடி மிராசுகளும் அந்த ஒலிபரப்புக்காகக் காது கொடுத்தவர்களே. நெல்லைப் பற்றிய பேச்சுக்கு முன்னும் பின்னும் ஒரு நாட்டுப்புற மெட்டு ஒலிக்கும், ஒன்றிரண்டு நிமிஷம், அதை வாசித்தவர் சற்றுமுன் கர்நாடக சங்கீதம் வாசித்த அதே நிலைய வித்வான்தான். நெல்லுக்குக்கூட வானொலியின் பெயர் கிடைத்தது.

டெலிவிஷன் தேசத்துக்கு 1959 செப்டம்பரில் டில்லியில் வந்து, சென்னைக்கு 1975 ஆகஸ்டு 15-ல் வந்தது. மறு வருஷம் ஏப்ரலில்தான் தூரதர்ஷன் தனி ஸ்தாபனமாயிற்று. அதுவரை டெலிவிஷனும் ஆல் இந்தியா ரேடியோவின் ஒரு பகுதியே. ஆகவே வானொலியின் பழக்கவழக்கங்கள் யாவும் சீதனமாகப் படப்பெட்டிக்குள் போயின: வயலும் வாழ்வும், சிறுவர் நிகழ்ச்சி, மெல்லிசை, நாடகம், இடையே ஒரு நிரப்பு. சென்னைக் கோபுரத்தின் ஒளி திருச்சிக்கு எட்டாது; எண்பதுகளில் ஆன்டெனாக் கம்பங்கள் வீட்டுக் கூரைகளுக்கு மேல் எழும்பிய பிறகே லால்குடித் தெருக்கள் வெள்ளிக்கிழமை இரவில் ‘ஒளியும் ஒலியும்’ பார்க்கக் கூடின. நோட்டீசுகளில் ‘வானொலி புகழ்’ இருந்த இடத்தில் ‘டி.வி. புகழ்’ ஏறியது. படத்தில் பாடகியின் முகம் தெரிந்தது. அவளுக்குப் பின்னால் தபேலாவும் வயலினும் வாசித்தவர்களின் தோள்பட்டை மட்டும் தெரிந்தது. பின்னால் ஒரு முறை காமிரா திரும்பினால், அந்த மனிதரின் வீட்டார் மறுநாள் தெருவெல்லாம் சொல்லுவார்கள்.

வானொலி எல்லாருக்கும் இப்படிக் கஞ்சத்தனம் காட்டியதென்று சொல்வது அநியாயமாகும். லால்குடி ஜயராமனின் வயலின் ஒலிப்பதிவை 1979-ல் ஆல் இந்தியா ரேடியோ பாக்தாதில் நடந்த ஆசிய சங்கீத மேடைக்கு அனுப்பிற்று. பல தேசங்களிலிருந்து வந்த 77 பதிவுகளில் அது முதலாவதாகத் தேர்ந்தெடுக்கப்பட்டது. மேதைகளை வானொலி இனம் கண்டுகொண்டது. இடைநிரப்பிய கைகளுக்குத்தான் அது கணக்கு வைக்கவில்லை. டேப் வந்த பிறகும், செலவைச் சுருக்க ஒரே டேப்பை அழித்து மீண்டும் மீண்டும் பதித்தமையால், அவர்களுடைய வாசிப்பில் பெரும்பகுதி அதற்கடுத்த நிகழ்ச்சியின் கீழே மறைந்து போயிற்று. ‘வானொலி’ என்ற பத்திரிகையில் அச்சான நிகழ்ச்சி நிரலைப் புரட்டினால் மாலை 5-30, 6-15 என்ற மணிகளுக்கு எதிரே சிறிய எழுத்தில் சில பெயர்கள் அகப்படும். திடீரென்று நேர்ந்த மூன்று நிமிஷ வெற்றிடங்கள் நிரலில் அச்சாவதில்லை.

இவர்களுடைய உத்தியோக நிலைமையையும் சொல்ல வேண்டும். நிலையத்தில் குமாஸ்தாவும் இன்ஜினீயரும் பியூனும் சர்க்கார் சிப்பந்திகள். அவர்களுக்குச் சம்பளம், பென்ஷன், நிரந்தரம் எல்லாம் உண்டு. ஆர்டிஸ்டு மட்டும் ஒப்பந்தக்காரர். அவர் வாங்கியதற்குப் பெயர் சம்பளமன்று, ‘கட்டணம்’. ஒப்பந்தம் தவணை முடிந்ததும் புதுப்பிக்கப்பட வேண்டும். கைவிரல் முடங்கினால் அடுத்த தவணை நிச்சயமில்லை. கலைஞனைக் குமாஸ்தாவாக்கிவிடக் கூடாதென்ற உயர்ந்த எண்ணத்தில் இந்த ஏற்பாடு தோன்றியதாகச் சொல்வார்கள். நடைமுறையில் அதனால் லாபம் அடைந்தது கஜானா. சங்கம் அமைத்து, மனுக்கள் எழுதி, நீதிமன்றங்களை நாடி, அவர்கள் நெடுங்காலம் போராடினார்கள். தொடர்ந்து வேலை பார்த்துவந்த ஸ்டாப் ஆர்டிஸ்டுகளைச் சர்க்கார் ஊழியராகவே கருதும் உத்தரவு 1982 மார்ச் 6-ந் தேதி முதல் அமுலுக்கு வந்தது. திருச்சி நிலையம் திறந்த 1939-ல் இருபத்தைந்து வயதில் வில்லோடு உள்ளே சென்ற ஒருவருக்கு அன்று அறுபத்தெட்டு வயது நடந்திருக்கும். ஓய்வு வயதைத் தாண்டிப் பத்தாண்டு ஆகிவிட்ட அவர் பெயர் அந்த உத்தரவின் பட்டியலில் சேர வழியில்லை.